அலமாரியின் நான்கு கால்கள்

அக்டோபர் 14

இல்லை, வலிக்கவில்லை. எறும்பு கடித்த அளவுதான். மாலைக்குள் மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். மூவருக்கும் இதையே சொன்னேன். பயமாக இருந்ததா என்று யாரும் கேட்கவில்லை.

மருத்துவக் கல்லூரியின் பழைய கட்டடம். டெங்கு தடுப்பூசி ஆய்வு. வருகிறவர்களில் சிலருக்கு மருந்து, சிலருக்கு வெறும் உப்புநீர். யாருக்கு எது என்று போடுகிற சிஸ்டருக்கே தெரியாது. மருந்தென்றால் அதில் இருப்பது உயிருள்ள வைரஸ், வலுவிழக்கச் செய்தது. தகவல் தாளின் அந்த வரியை மைனிக்கு வாசித்துக் காட்டினேன்.

"உயிரோட உள்ள கிருமியவா போடுதாவ?"

"பல்லப் புடுங்கின பாம்பு மைனி."

"பல்லு இல்லாட்டாலும் பாம்பு பாம்புதானட்டி" என்று சொல்லிவிட்டு, எனக்கு முன்னால் போய்க் கையை நீட்டினாள்.

எப்சிபா மைனி, அண்ணன் மனைவி. அண்ணன் சரக்குக் கப்பலில் இருக்கிறான், மார்ச்சில்தான் வருவான். அதுவரை இந்த மாடி வீட்டில் அம்மா, மைனி, நான். ஊசி போட்டுச் சில மாதங்களுக்குக் கருத்தரிக்கக் கூடாது என்று தாளில் இருக்கிறது. அண்ணன் வருவதற்குள் அந்தக் காலம் முடிந்துவிடும். மைனி அதையெல்லாம் யோசித்துத்தான் கையெழுத்திட்டாள் என்று நினைக்கிறேன்.

ஆளுக்கொரு தெர்மாமீட்டர், ஆளுக்கொரு அட்டை. வலி உண்டா, வீக்கம் உண்டா, தடிப்பு உண்டா, உடல் வெப்பம் எவ்வளவு. கட்டங்கள் சிறியவை. அவற்றில் அடங்காததை இங்கே எழுதலாம் என்று இந்த நோட்டை எடுத்தேன்.

வந்ததும் அலமாரிக் கால்களுக்குத் தண்ணீர் ஊற்றினேன். அடுக்களை அலமாரியின் நான்கு கால்களும் நான்கு கிண்ணங்களில் நிற்கின்றன. தண்ணீர் இருக்கும்வரை எறும்பு ஏறாது. இந்த வீட்டில் எனக்கென்று இருக்கிற ஒரே வேலை அதுதான்.

அக்டோபர் 15

இடது கை கனக்கிறது. மைனிக்கும். இரண்டு பேரும் ஒரே கையைத் தூக்க முடியாமல் கொடியில் துணி காயப்போட்டோம். சிரிப்பு வந்தது.

அம்மாவுக்கு வரவில்லை. "நாய்க்குப் போடுத மாதிரி ரெண்டு பேரும் வரிசைல நின்னு போட்டுட்டு வந்துருக்காளுவ."

"நாய்க்குப் போட்டா நாய்க்கு நல்லதுதானம்மா."

"ஆமா. நாய் புள்ள பெறணும்னு ஒருத்தரும் காத்துக் கெடக்கல."

மைனி தையல் மிஷினை நிறுத்தவில்லை. ஓரம் அடித்துக்கொண்டிருந்த கோடு மட்டும் கொஞ்சம் விலகிப் போயிற்று. பிறகு பிரித்தாள்.

அக்டோபர் 17

கை சரியாகிவிட்டது. வெப்பம் 98.4.

மாநகராட்சியிலிருந்து கொசுப்புழு பார்க்கிற பெண் வந்தாள். தெருக்கோடி வீட்டில் யாருக்கோ காய்ச்சலாம். நானே முன்னால் நடந்து காட்டினேன். தண்ணீர் டிரம்களுக்கு மூடி, மூடிக்குக் கீழே துணி, துணிக்கு மேல் கயிறு. மொட்டைமாடித் தொட்டிக்கு வலை. பூந்தொட்டிகளுக்கு அடியில் தட்டு கிடையாது. அவள் டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு, "இப்படி எல்லா வீடும் இருந்தா எனக்கு வேலையே இருக்காதும்மா" என்றாள். பரீட்சையில் தேறியதுபோல் இருந்தது எனக்கு.

"அடுக்களைல ஏதும் தண்ணி நிக்கா?"

அம்மா உள்ளே மீன் அலசிக்கொண்டிருந்தாள். செருப்புக் காலோடு யாரும் உள்ளே வந்தால் கத்துவாள்.

"அங்க ஒண்ணும் இல்லக்கா. நாங்க ரெண்டு பேரும் டெங்குக்கு ஊசியே போட்டாச்சு."

"அப்போ உங்களுக்கென்ன, ராசாத்தி மாதிரி இருங்க." சுவரில் சாக்பீஸால் தேதியைப் போட்டுவிட்டு இறங்கிப் போனாள்.

தகவல் தாளில் ஒரு வரி இருக்கிறது: ஊசி போட்டுக்கொண்டாலும் கொசுக்கடியிலிருந்து காத்துக்கொள்வதை விடக் கூடாது. அடிக்கோடிட்டது நான்தான்.

அக்டோபர் 19

மழை. நூலகம் போகவில்லை. முனைவர் பட்டத்துக்கான என் ஆய்வேட்டின் இரண்டாம் இயலோடு உட்கார்ந்திருந்தேன்.

அம்மை குத்த வந்தவர்களைக் கண்டு கதவடைத்த ஊர்கள். ஆவணங்களில் குத்த வந்தவர்களின் எரிச்சல் இருக்கிறது. கதவுக்கு அந்தப் பக்கம் நின்றவர்கள் தங்களுக்குள் என்ன பேசிக்கொண்டார்கள் என்பது எங்கும் இல்லை. அந்த இடத்தை அம்மாவின் பேச்சால் நிரப்பிக்கொள்கிறேன். நியாயமில்லை. ஆனால் வசதி.

கிண்ணங்களில் தண்ணீர் இறங்கியிருந்தது. ஊற்றினேன்.

அக்டோபர் 21

கீழ்வீட்டுப் புஷ்பத்தக்கா வந்திருந்தாள். கிறிஸ்துமஸுக்கு இப்போதே மூன்று ஜாக்கெட் தைக்கக் கொடுத்திருக்கிறாள். மைனியின் மிஷின் அடுக்களை ஜன்னலுக்கும் அலமாரிக்கும் நடுவில் கிடக்கிறது, அங்கேதான் வெளிச்சம். அக்கா தரையில் உட்கார்ந்து ஹூக் வைத்துக்கொடுத்தாள். இருவரும் மாறிமாறிக் கணுக்காலைச் சொறிந்தார்கள்.

"எப்சி, உங்க வீட்டுக் கொசுக்கு ராப்பகலே தெரியாதா? பட்டப்பகல்ல கடிக்கு."

"அதுக்கு நைட் டூட்டி கெடையாதுக்கா. காலைல வந்துட்டு சாயந்தரம் போயிரும், கவருமெண்டு ஆபீசு மாதிரி."

"கவருமெண்டு ஆபீசுன்னா இம்புட்டு வேலை செய்யாதே."

நான் கொசு அடிக்கிற மின்மட்டையை எடுத்துவந்து இரண்டு முறை வீசினேன். ஒன்று பொரிந்தது. ஜன்னல் வலையில் ஓட்டை இருக்கிறதா என்று தடவிப் பார்த்தேன். இல்லை. இவ்வளவு வலை போட்டும் எங்கிருந்துதான் வருகிறதோ. கதவைத் திறந்துபோடுகிற அம்மாவைச் சொல்ல வேண்டும்.

அக்டோபர் 23

தண்ணீர் வந்தது. டிரம் நிரப்பினேன். இரண்டாம் இயல் நகரவில்லை.

அக்டோபர் 25

மைனிக்குக் காய்ச்சல். காலையில் 100.6. மிஷினுக்கு முன்னால் உட்கார்ந்தவள் துணியின் மேலேயே தலையைச் சாய்த்துக்கொண்டாள்.

தகவல் தாளை எடுத்தேன். தலைவலி, அசதி, தசைவலி, காய்ச்சல், தோலில் தடிப்பு. ஊசி போட்ட இரண்டு வாரத்துக்குள் வரலாம். பெரும்பாலும் லேசாக வந்து தானாகப் போய்விடும். இரண்டு வாரம் இன்னும் முடியவில்லை. எல்லாம் பொருந்துகிறது.

"மைனி, உங்களுக்கு உப்புத்தண்ணி இல்ல. அசல் மருந்தே கெடச்சிருக்கு."

"உனக்கு?"

"எனக்கு ஒண்ணும் வரலியே. உப்புத்தண்ணியா இருக்கும்."

"பாவம்ட்டி நீ" என்று சிரித்தாள். கண் சிவந்திருந்தது.

எனக்குக் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருந்தது. எழுதத்தானே இந்த நோட்டு.

அக்டோபர் 26

அம்மா காலையிலிருந்து ஒரே வாக்கியம். "ஊசிதான். நான் சொன்னேம்லா. ஊசிதான்."

"ஊசிதாம்மா. யாரு இல்லன்னா? அதான் பேப்பர்லயே போட்டுருக்கே. உடம்பு ஊசிய ஏத்துக்குதுன்னு அர்த்தம்."

"காய்ச்ச வந்தா நல்லதாம். படிச்ச புள்ள சொல்லுதா."

நாங்கள் இதுவரை எதிலும் இவ்வளவு ஒத்துப்போனதில்லை.

பதினொரு மணிக்கு ஆய்விலிருந்து சகாயராணி சிஸ்டர் போன் செய்தார். இரண்டு வாரமும் அவ்வப்போது கூப்பிட்டு விசாரிப்பது அவர்கள் வழக்கம். அம்மா பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள். கேட்டதற்குப் பதில் சொன்னேன். ஏதும் அதிகமானால் உடனே கூப்பிடச் சொன்னார்.

மதியம் கஞ்சி, பருப்புத் துவையல். பாரசிட்டமால் தவிர வேறு வலி மாத்திரை கூடாது என்று தாளில் இருந்தது. அதை மட்டும் கொடுத்தேன். கிண்ணங்களுக்குத் தண்ணீர்.

அக்டோபர் 27

103. ஈரத் துணி போட்டுக்கொண்டே இருந்தேன்.

"எலும்பெல்லாம் யாரோ கழத்தி எடுத்துத் திருப்பி மாட்டுத மாதிரி இருக்கு பெர்சி. மாட்டத் தெரியாதவன் மாட்டுதான்."

கண்ணுக்குப் பின்னால் குத்துகிறதாம். கண்ணை அசைத்தாலே வலி. மார்பிலும் கையிலும் சிவப்பாகப் படர்ந்திருக்கிறது. தடிப்பு: அதுவும் பட்டியலில் உண்டு.

புஷ்பத்தக்கா பார்க்க வந்து மைனியின் கால்மாட்டில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள். அம்மா அவளிடம் எல்லாவற்றையும் சொன்னாள், நான் கேட்கும்படியாக. அக்கா வாயில் கை வைத்துக்கொண்டாள். "நல்லவேள, என்னையும் கூப்பிட்டா இவா. நான் போவல."

ஆமாம், கூப்பிட்டேன்.

அவள் போன பிறகு மைனி கேட்டாள்: "ஆஸ்பத்திரிக்குப் போவமா பெர்சி?"

அம்மா கதவருகில் நின்றிருந்தாள். இப்போது ஆட்டோ வைத்தால் நாளைக்குத் தெரு முழுக்க அதுதான் பேச்சாக இருக்கும். ஊசி போட்டாளாம், ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினார்களாம். இந்தத் தெருவில் எத்தனை வீட்டில் பிள்ளைகளுக்குச் சாதாரணத் தடுப்பூசிக்கே நாள் தள்ளுகிறார்கள். இதையெல்லாம் யோசித்தேன். மைனியின் நன்மைக்காக என்று சொல்லிக்கொள்ள முடியவில்லை. பொது நன்மை என்று ஒன்று இருக்கிறதல்லவா.

"நாளைக்குப் பாப்போம் மைனி. எறங்கிரும்."

"நீ சொன்னா சரி."

அக்டோபர் 28

இறங்கிவிட்டது!

காலையில் 98.2. மூன்று தடவை வைத்துப் பார்த்தேன். அம்மாவிடம் தெர்மாமீட்டரை நீட்டினேன். அவள் கண்ணாடி இல்லாமலேயே வாங்கிப் பார்த்துவிட்டு, "ஸ்தோத்திரம்" என்றாள். பிறகு, அவளும் விட்டுக்கொடுக்காமல், "இனிமே எந்த ஊசிக்கும் இவள கூட்டிக்கிட்டுப் போவாத" என்றாள்.

வெற்றி என்று எழுத வந்தேன். எழுதவில்லை.

மைனி மீன் குழம்பு கேட்பாள் என்று நினைத்தோம். ஒன்றும் வேண்டாம் என்கிறாள். குடித்த கஞ்சி வெளியே வந்துவிட்டது. மதியம் இரண்டு தரம் வாந்தி. வயிறு வலிக்கிறதாம். மூன்று நாள் சாப்பிடாத வயிறு, அப்படித்தான் இருக்கும் என்றாள் அம்மா. நானும் அப்படித்தான் நினைத்தேன். படுத்தால் உட்காருகிறாள், உட்கார்ந்தால் படுக்கிறாள்.

விரிப்பு மாற்றினேன். இரண்டாம் இயலில் ஒரு பக்கம் எழுதினேன், பல நாளுக்குப் பிறகு.

அக்டோபர் 29

ஆஸ்பத்திரி. மருத்துவக் கல்லூரியின் அவசரப் பிரிவு. ஒரு பழைய ரசீதின் பின்பக்கத்தில் எழுதுகிறேன், பிறகு நோட்டில் ஒட்டிக்கொள்ள வேண்டும்.

காலையில் காப்பி கொண்டுபோய் எழுப்பினேன். கை குளிர்ந்திருந்தது. பாதமும். வேர்த்துக் கிடந்தாள். பல் தேய்க்க எழுந்தவள் சுவரைப் பிடித்தபடி மெல்லச் சரிந்து உட்கார்ந்தாள். ஈறில் ரத்தம். "காய்ச்சல் இல்லியே" என்று நான் சொல்லிக்கொண்டே இருந்தேனாம். அம்மாதான் ஆட்டோவுக்கு ஓடினாள்.

டெங்கு.

ரத்தப் பரிசோதனை டெங்கு என்று சொல்லிவிட்டது.

அக்டோபர் 30

ஆய்வு மருத்துவர் நிலோஃபர் வார்டுக்கு வந்தார். என்னைவிட நாலைந்து வயதுதான் கூட இருக்கும். என்னைத் தாழ்வாரத்துக்குக் கூப்பிட்டுப் பேசினார்.

"காய்ச்சல் இறங்கினா எல்லாரும் நிம்மதியாயிடுவாங்க. நாங்க அப்பத்தான் பயப்படுவோம். அந்த ரெண்டு நாள்ல ரத்தக் குழாய்லருந்து நீர் கசியும். வயித்து வலி, வாந்தி, கை கால் குளிர்றது எல்லாம் அதோட அறிகுறி."

"ஊசியால கடுமையாயிருக்குமா மேடம்?"

அவர் உடனே இல்லை என்று சொல்லிவிடுவார் என்று எதிர்பார்த்தேன்.

"தெரியாது. முன்னாடி வந்த ஒரு டெங்கு ஊசி, அதுவரைக்கும் டெங்கு வராதவங்க சிலருக்கு, பின்னால டெங்கு வந்தப்போ அதைக் கடுமையாக்கினது உண்டு. அதனாலதான் புதுசா வர்ற ஒவ்வொண்ணையும் இப்படிக் கூர்ந்து பாக்குறோம். இவங்களுக்குப் போனது மருந்தா உப்புத்தண்ணியான்னு எனக்கே தெரியாது. அவசியம்னா யாருக்கு எதுன்னு எழுதி ஒட்டி வச்ச உறையைத் திறந்து பாக்கலாம். ஆனா ரெண்டுக்கும் சிகிச்சை ஒண்ணுதான். இப்ப நீர் ஏத்துறதுதான் முக்கியம். இது ஊசி வைரஸா வெளியில சுத்துற வைரஸான்னு பாக்க ரத்தம் அனுப்பியிருக்கோம்."

பிறகு கையிலிருந்த காகிதத்தைப் பார்த்தார்.

"இருபத்தாறாம் தேதி சிஸ்டர் போன் பண்ணப்போ தொண்ணூத்தொன்பது, லேசான சூடுன்னு சொல்லியிருக்கீங்க. அன்னைக்கே அதிகமா இருந்திருந்தா வரச்சொல்லி ரத்தம் பாத்திருப்போம். ஒரே நாள்ல ஏறிடுச்சா?"

"ஆமா மேடம்" என்றேன்.

அக்டோபர் 31

சிறுநீர் குறைவு. நெஞ்சில் நீர் சேர்ந்திருக்கிறது. இன்று எதுவும் எழுத வேண்டாம்.

நவம்பர் 1

மைனி காலையில் சிறுநீர் கழித்தாள். நர்ஸ் அதை ஒரு கல்யாணச் செய்திபோல் வந்து சொன்னார். நாடி சீராகிறதாம். தட்டணுக்கள் இன்னும் ஏறவில்லை, ஆனால் இறங்கவும் இல்லை.

அண்ணன் ஏதோ ஒரு துறைமுகத்திலிருந்து கூப்பிட்டான். விட்டு விட்டுக் கேட்டது. அம்மா ஸ்பீக்கரில் போட்டாள்.

"நாலு நாளு காய்ச்ச அடிக்க, யாரு வீட்லயே வச்சிருக்கச் சொன்னா?"

"ஊசிதாம்ல மக்கா. ஊசிக்காய்ச்ச போயிரும்னு இருந்துட்டோம்."

"இருந்துட்டோம்னா? பெர்சி என்ன செஞ்சா, அவா படிச்சவதான?"

"அவா என்ன செய்வா? சின்னப் புள்ள. அந்த ஊசிக்காரங்களச் சொல்லணும்."

அம்மா என்னைக் காப்பாற்றினாள்.

நவம்பர் 2

கஞ்சி வைக்க வீட்டுக்கு வந்தேன். நான்கு நாளாகப் பூட்டிக் கிடந்த வீடு. அடுக்களைக்குள் நுழைந்ததும் கணுக்காலில் சுரீரென்றது.

கஞ்சி வேகும்வரை நின்றுகொண்டிருந்தேன். பிறகு வேலை ஞாபகம் வந்து கிண்ணங்களுக்கு ஊற்றச் செம்போடு குனிந்தேன். ஊற்றாத நாட்களில் தண்ணீர் பாதிக்கு இறங்கியிருந்தது. கலங்கல் இல்லை. தெளிந்த, சுத்தமான தண்ணீர். அதில் சின்னச் சின்ன நூல் துண்டுகள். மைனி வெட்டிப் போட்ட நூல் என்று நினைத்தேன். ஒன்று நெளிந்தது.

என் நிழல் விழுந்ததும் எல்லாம் ஒரே சமயத்தில் அடிக்குப் போயின.

நாலு கிண்ணத்திலும்.

நான் ஒரு நாளும் அந்தத் தண்ணீரைக் கொட்டியதில்லை. இருக்கிற தண்ணீரின் மேல் ஊற்றுவேன், அவ்வளவுதான். கிண்ணத்தின் உட்புறம் கறுப்பாக, பொடிப் பொடியாக ஒரு வளையம். அழுக்கென்று நினைத்திருந்தேன். தேய்த்துக் கழுவினால் ஒழிய முட்டை போகாது என்று படத்தோடு ஒரு துண்டுத்தாள் எங்கள் வீட்டிலேயே இருக்கிறது, காலண்டருக்குப் பின்னால்.

மிஷினின் மிதிபலகையிலிருந்து அலமாரிக் கால் ஒரு கை தூரம் இருக்குமா? மைனியின் பாதம் நாளெல்லாம் அங்கேதான்.

அங்க ஒண்ணும் இல்லக்கா.

கஞ்சி அடிப்பிடித்துவிட்டது. மறுபடி வைத்தேன். கிண்ணங்களை எல்லாம் எடுத்துப்போய் மொட்டைமாடி வெயிலில் கவிழ்த்தேன். சூடான சிமென்டில் புழுக்கள் சற்று நேரம் நெளிந்தன. நின்று பார்த்தேன்.

நவம்பர் 4

மைனியைச் சாதாரண வார்டுக்கு மாற்றிவிட்டார்கள். கையில் ஊசி குத்திய இடமெல்லாம் நீலம். உதடு வெடித்திருக்கிறது. ஆனால் பேசுகிறாள்.

"நான் எதுக்கு ஊசி போட்டுக்கிட்டேன்னு நெனைக்க?"

"ஏன், நல்லதுன்னுதான். நான் எல்லாத்தையும் வாசிச்சுக் காட்டினேம்லா."

"நீ வாசிச்சது ஒண்ணும் எனக்கு வெளங்கல. உனக்குக் கை நடுங்கிச்சு, பேப்பரு ஆடிச்சு. ஒத்தைல போறாளேன்னு வந்தேன்."

ஜன்னல் பக்கம் பார்த்தேன். அந்தக் காகிதத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டுதான் வாசித்தேன். யாருக்கும் தெரியவில்லை என்று நினைத்திருந்தேன்.

"மைனி, அந்த அலமாரிக் கால் கிண்ணம் இருக்குல்லா..."

"எறும்பு ஏறிட்டா? சீனி டப்பாவ எடுத்து மேல் தட்டுல வையி. உங்கம்மைக்கு எறும்பு விழுந்த சீனின்னா ஆவாது."

"சரி மைனி."

அவ்வளவுதான் சொன்னேன்.

நவம்பர் 5

ஒன்றுமில்லை. துணி துவைத்தேன்.

நவம்பர் 6

காலையில் மைனியை வீட்டுக்கு அனுப்பினார்கள். படியேறும்போது இரண்டு இடத்தில் நின்றாள். வந்ததும் தூங்கிவிட்டாள்.

பன்னிரண்டு மணிக்கு டாக்டர் நிலோஃபர் கூப்பிட்டார். ரத்தம் அனுப்பிய முடிவு வந்துவிட்டது. "ஊசி வைரஸ் இல்ல. ஊருல இப்போ சுத்துற வகை. கொசுக்கடிதான். வீட்ல, பக்கத்துல பாருங்க. வேற யாருக்காவது காய்ச்சல்னா உடனே சொல்லுங்க."

அம்மா கீழே போய்விட்டுத் தேங்காயோடு வந்தாள். அடுக்களையில் நான் அலமாரியின் கால்களைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

"கிண்ணத்த எங்க? எறும்பு ஏறப் போவுது."

"மாடில காயுதும்மா."

"கீழ புஷ்பத்துக்கும் காய்ச்சலாம்லா. நாலு நாளா கெடந்தாளாம், நாம ஆஸ்பத்திரில இருந்ததுல தெரியல. நேத்து விட்டுட்டாம். ஊசி போடாத ஒடம்பு, அதான் சட்டுனு விட்டுட்டுன்னு சொன்னா. நானும் அதத்தான் சொன்னேன்."

துணியைக் கீழே வைத்தேன்.

"எப்படி இருக்காவ இப்போ?"

"இருக்கா. மீனு ஒத்துக்கலன்னு காலைல ரெண்டு தரம் வாந்தி எடுத்தாளாம். வயித்தப் புடிச்சிக்கிட்டு உக்காந்துருந்தா. சுருண்டு சுருண்டு படுக்கா."

அம்மாவிடம் சொன்னேன். நின்றுகொண்டே, ஒன்றன்பின் ஒன்றாக. ஊசி இல்லை, கொசு. டாக்டர் இப்போதுதான் சொன்னார். கொசு வெளியிலிருந்து வரவில்லை, அந்தக் கிண்ணங்களில் இருந்தது. நான் தண்ணீர் மாற்றவே இல்லை, மேலே மேலே ஊற்றினேன். கொசுப்புழு பார்க்க வந்தவளை அடுக்களைக்குள் விடவில்லை. சிஸ்டர் போன் செய்த அன்றைக்கு மைனிக்கு நூற்றிரண்டுக்கு மேல் இருந்தது. நான் தொண்ணூற்றொன்பது என்று சொன்னேன்.

"ஏம்ட்டி?"

"நீ பக்கத்துல நின்ன."

அம்மா தேங்காயைக் கையில் வைத்துக்கொண்டே என்னைப் பார்த்தாள். அடிப்பாள் என்று நினைத்தேன். அடித்தால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தேன். அவள் தேங்காயை மிஷினின் மேல் வைத்தாள், அது உருண்டது, பிடித்து மறுபடி வைத்தாள்.

"அப்போ புஷ்பம்?" என்றாள்.

மொட்டைமாடிக்கு ஓடி ஒரு கிண்ணத்தை எடுத்துக்கொண்டு கீழே போனேன். ஏன் எடுத்தேன் என்று தெரியவில்லை. வெறுங்கையோடு போய் நின்றால் வேறு ஏதாவது பேசிவிட்டு வந்துவிடுவேன் என்று தோன்றியிருக்கலாம்.

புஷ்பத்தக்கா சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். முகம் வெளுத்து, மேலுதட்டில் வேர்வை.

"என்ன பெர்சி, கிண்ணத்தோட வந்து நிக்க? சீனி வேணுமா?"

"இல்லக்கா. கைய நீட்டுங்க."

குளிர்ந்திருந்தது. மைனியின் கையைப் போலவே.

"ஆஸ்பத்திரிக்குப் போவணும்க்கா. இப்பவே."

"எனக்குத்தான் காய்ச்ச விட்டுட்டே. நான் உங்கள மாதிரி ஊசியா போட்டேன்?"

"மைனிக்கு ஊசியால வரல. எங்க வீட்டுக் கொசுவால வந்தது. இந்தக் கிண்ணத்துலதான் இருந்துச்சு. நான் வளத்தது. மைனிக்குப் பக்கத்துல உக்காந்து ஹூக் வச்சீங்கல்லா, அங்கதான். காய்ச்ச விட்டதுக்குப் பொறவுதான் மைனி விழுந்தாங்க."

அக்கா கிண்ணத்தையும் என்னையும் மாறிமாறிப் பார்த்தாள். "பகல்ல கடிச்சப்பவே நெனச்சேன்" என்றாள், ஏதோ சிரிக்கப் போகிறவள்போல. சிரிக்கவில்லை. பக்கெட்டை இழுத்துக்கொண்டு குனிந்தாள்.

அதற்குள் அம்மா இறங்கி வந்துவிட்டாள். ஞானராஜின் ஆட்டோவைக் கூப்பிட்டுவிட்டுத்தான் வந்திருந்தாள். அக்காவை ஒரு பக்கம் அவளும் ஒரு பக்கம் நானுமாகப் பிடித்து ஏற்றினோம். அம்மா பின்னால் அவளை மடியில் சாய்த்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

நான் முன்னால் ஞானராஜின் பக்கத்தில் ஒடுங்கி உட்கார்ந்து டாக்டர் நிலோஃபருக்குப் போன் செய்தேன். என்றைக்குக் காய்ச்சல் தொடங்கியது, எவ்வளவு இருந்தது, எப்போது விட்டது என்று கேட்டார். ஒவ்வொன்றையும் திரும்பிப் புஷ்பத்தக்காவிடம் கேட்டு, அவள் சொன்னதை அப்படியே சொன்னேன்.